படக்குறிப்பில் பெயர் எங்கே?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் அமெரிக்கக் கறுப்பினக் குடியிருப்புகள் பற்றிய படக்கட்டுரையைப் பார்த்தேன். பன்னிரண்டு படங்கள். பதினொன்றில் போலீஸ், நெருப்பு, உடைந்த கண்ணாடி; மீதி ஒன்றில் அழுகிற தாய். அந்தத் தெருக்களில் யாரும் முடி வெட்டிக்கொள்வதில்லையா, கல்யாணம் நடப்பதில்லையா?

பிட்ஸ்பர்க் நகரின் ஹில் டிஸ்ட்ரிக்ட் பகுதியில் இதையெல்லாம் சலிக்காமல் எடுத்தவர் சார்லஸ் ‘டீனி’ ஹாரிஸ். கறுப்பின மக்களின் வார இதழான ‘பிட்ஸ்பர்க் கூரியர்’ பத்திரிகைக்கு 1930களிலிருந்து 1970கள் வரை படம் எடுத்தார். அவர் விட்டுச் சென்றவை சுமார் 80,000 நெகடிவ்கள். முடிதிருத்தகம், தேவாலயம், பேஸ்பால் அணி, மணக்கோலத்தில் ஒரு ஜோடி.

அவருக்கு ‘ஒன் ஷாட்’ என்று பட்டப்பெயர். ஒரு தடவைதான் அமுக்குவார். ஸ்டூடியோவில் எடுபிடியாகத் தொழிலைத் தொடங்கிய எனக்கு இதன் அருமை தெரியும். அந்தக் காலத்து ஃபிளாஷ் பல்பு ஒரு படத்தோடு எரிந்துவிடும். கழற்றும்போது விரல் சுடும். புதியதைச் செருகி, ஃபிலிமைத் திருப்பிப் போட்டு நிமிர்வதற்குள் மாப்பிள்ளையின் சிரிப்பு போய்விட்டிருக்கும்.

நியூயார்க்கின் கறுப்பினப் பகுதியான ஹார்லெமில் படம் எடுத்த ராய் டிகராவா நேர்மாறு. ஃபிளாஷ் பக்கமே போகமாட்டார்; அறையில் இருக்கிற வெளிச்சம் போதும் என்பார் போல. அவர் படம் முதலில் வெறும் இருட்டாகத் தெரியும். பார்த்துக்கொண்டே இருந்தால் முகம் துலங்கி வரும். கலைஞர்களுக்கும் அறிஞர்களுக்கும் அமெரிக்காவில் தரும் கக்கன்ஹைம் நிதிநல்கையை 1952இல் பெற்றவர்.

ஹாரிஸுக்கே வருகிறேன். நகரச் சீரமைப்பு என்று சொல்லி 1956இல் ஹில்லின் கீழ்ப்பகுதியை இடிக்கத் தொடங்கினார்கள். சுமார் 8,000 பேர் வீடு இழந்தார்கள். அங்கே எழுப்பிய விளையாட்டரங்கமும் பின்னாளில் இடிபட்டது. நெகடிவ்கள் தப்பின, ஆனால் பெரும்பாலானவற்றில் யார், எப்போது என்ற குறிப்பு கிடையாது. 2001இல் அவற்றை வாங்கிய கார்னகி கலை அருங்காட்சியகம், ஊர்க்காரர்களிடம் படங்களைக் காட்டி, “இது யார்?” என்று ஒவ்வொரு பெயராகக் கேட்டு எழுதியது.

ஹாரிஸ், டிகராவா இருவரில் ஒருவருக்காவது அடுத்த இதழில் நான்கு பக்கம் ஒதுக்குங்கள். இன்னொன்று: அழுகிற அந்தத் தாயின் படத்துக்குக் கீழே ‘கறுப்பினப் பெண்’ என்று மட்டும் அச்சிட்டிருக்கிறீர்கள். அவர் பெயரை யாரிடமாவது கேட்டீர்களா?

இப்படிக்கு,
ஒரு பழைய ஸ்டூடியோக்காரர்,
கும்பகோணம்