நட் ஏறினால் மட்டும் போதாது

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். எந்தக் கார் வாங்கலாம், எது அதிக மைலேஜ் தரும் என்றெல்லாம் நிறையப் படிக்கிறோம். சக்கரத்தைப் பிடித்து வைத்திருக்கும் நட்டைப் பற்றி நான் எங்கும் படித்ததில்லை. போன மாதம் பட்டபிறகு எழுதுகிறேன்.

என் பழைய கொரோலா ஆல்டிஸுக்கு மதுரையில் ஒரு கடையில் புது அலாய் வீல் மாட்டினேன். கம்பெனி வீலில் இருந்த நட்டுகளையே கடைப் பையன் திரும்பப் போட்டான். "இதே நட்டு போதுமா தம்பி?" என்றேன். "அதான் ஏறிருச்சுல்லண்ணே" என்று சொல்லி ஏர் கன்னை வைத்து இறுக்கினான். நானும் சரி என்று கிளம்பிவிட்டேன்.

மூன்றாம் நாள் விருதுநகர் போகும் வழியில், கள்ளிக்குடி தாண்டியதும் ஸ்டியரிங் நடுங்கியது. டயரில் காற்று குறைந்திருக்கும் என்று இன்னும் கொஞ்ச தூரம் ஓட்டினேன். அப்புறம் 'டக் டக்' என்று சத்தம். பின்சீட்டில் அம்மாவும் மகளும். இறங்கிப் பார்த்தால், முன் இடது சக்கரத்தில் ஐந்து நட்டில் இரண்டு என் விரலுக்கே சுற்றின.

பக்கத்து லாரிப் பட்டறையிலிருந்து வயதான மெக்கானிக் ஒருவர் வந்தார். சக்கரத்தைக் கழற்றி, நட்டை என் உள்ளங்கையில் வைத்து, "தம்பி, இதைப் பாருங்க" என்றார். நட்டின் அடியில் தட்டையான வாஷர். வீலின் துளையோ புனல் மாதிரி சரிவாக இருந்தது. புனலின் விளிம்பைத்தான் வாஷர் தொட்டிருக்கிறது. அந்த விளிம்பு நசுங்கிப் பளபளத்தது, சுற்றிலும் கறுப்பாக அலுமினியப் பொடி. அந்த வீலுக்கு வேண்டியது 60 டிகிரி சரிவுள்ள கோன் நட், அதாவது கூம்பு மாதிரி அடி கொண்ட நட். அவர் சொன்ன விளக்கம் எனக்குப் புதிது: வண்டியின் பாரத்தை நட் தாங்குவதில்லை. நட் இழுக்கிற இழுப்பில் வீல் ஹப்போடு (வீல் போய் உட்காரும் நடுப்பகுதி) அழுந்துகிறது, அந்த உராய்வுதான் பாரம் தாங்குகிறது. பிடிப்பு தளர்ந்தால் வீல் அசையும், அசைந்தால் நட் ஏறுகிற போல்ட்டான ஸ்டட் முறியும். ஹப் முகத்தில் இருந்த துருவைக் கம்பி பிரஷ்ஷால் சுரண்டிவிட்டுத்தான் ஸ்டெப்னியையே மாட்டினார். ஆளனுப்பி 20 கோன் நட் வாங்கிவரச் செய்து, ஸ்டெப்னிக்கும் மற்ற மூன்று சக்கரத்துக்கும் மாற்றினார்.

மரையும் வண்டிக்கு வண்டி மாறும். டொயோட்டா, ஹூண்டாய் கார்களில் பெரும்பாலும் 12 மில்லிமீட்டர் தடிமன் ஸ்டட்டில் மரைக்கு மரை 1.5 மில்லிமீட்டர் இடைவெளி, மாருதி ஸ்விஃப்ட்டில் அதே 12 மில்லிக்கு 1.25 இடைவெளி. மாற்றிப் போட்டால் இரண்டு சுற்று ஏறிச் சிக்கும். அங்கே ஏர் கன்னை வைத்தால் மரை போய்விடும். நட்டின் அடி வடிவமும் மாறும், ஹோண்டாவின் கம்பெனி வீலுக்கு உருண்டை அடி கொண்ட நட். மரை பொருந்துகிறதா என்று தெரிய முதலில் கையாலேயே நாலைந்து சுற்று ஏற்றிப் பார்க்க வேண்டும்.

இறுக்குவதில் நம் ஊரில் நடப்பது எனக்குப் பெரிய கவலை. வீல் ஸ்பேனர் மேல் ஏறி மிதிக்கிறார்கள். 70 கிலோ ஆள் 30 சென்டிமீட்டர் ஸ்பேனரின் நுனியில் நின்றால் இறுக்கம் 200 நியூட்டன் மீட்டருக்கு (திருகு விசையின் அளவு) மேல் போகும். என் வண்டிக் கையேட்டில் இருப்பது 103. இப்படி மிதித்தால் ஸ்டட் இழுபட்டு நீளும். பிரேக் டிஸ்க் கோணி, பிரேக் போடும்போது உதறும். மரைக்கு எண்ணெய் தடவுவதும் தப்பு, அதே இறுக்கத்துக்கு ஸ்டட் இன்னும் கூடுதலாக இழுபடும். ஜாக்கியில் நிற்கும்போது ஓரளவு இறுக்கி, இறக்கிய பிறகு ஒன்று விட்டு ஒன்றாக நட்சத்திர வரிசையில், இறுக்கத்தை அளந்து காட்டும் டார்க் ரெஞ்ச் ஸ்பேனரால் முடிக்க வேண்டும். 50, 100 கிலோமீட்டர் ஓடியதும் மறுபடி பார்க்க வேண்டும். நான் பார்த்தபோது ஒரு நட் கால் சுற்று வாங்கியது.

பழைய நட்டை எடுத்துக்கொண்டு அந்தக் கடைக்குப் போனேன். பையன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "இதுல இத்தனை வகை இருக்குன்னு எனக்கு யாருமே சொல்லித் தரலண்ணே" என்றான். அவன் சொன்னது உண்மை என்று நம்புகிறேன். எனவே தங்கள் இதழில் அரைப் பக்கம் ஒதுக்கி, தட்டை, கோன், உருண்டை மூன்று நட்டின் படத்தையும் போட்டு, கடைச் சுவரில் வெட்டி ஒட்டும்படி வெளியிட வேண்டுகிறேன். முதல் பிரதியை நானே கொண்டுபோய் அவனிடம் கொடுக்கிறேன்.

இப்படிக்கு,
வாசகர், திருமங்கலம்