டிகே ராப்புக்கு இசையமைத்தவர் யார்? நின்டெண்டோ நிறுவனத்துக்கு ஒரு திறந்த மடல்

கியோட்டோவில் உள்ள நின்டெண்டோ நிறுவனத்தின் மதிப்பிற்குரிய நிர்வாகிகளுக்கு,

வணக்கம். 2023-ஆம் ஆண்டு தாங்களும் இலுமினேஷன் அசைவூட்டப் பட நிறுவனத்தாரும் சேர்ந்து தயாரித்த சூப்பர் மாரியோ பிரதர்ஸ் திரைப்படத்தில், டாங்கி காங் என்னும் குரங்கு அரங்கிற்குள் நுழையும்போது, அதன் பெயரைச் சுருக்கிய 'டிகே ராப்' பாடல் ஒலிக்கிறது. படத்தின் இறுதியில் ஓடும் பெயர்ப் பட்டியலில், அது 'டாங்கி காங் 64' வீடியோ விளையாட்டில் வந்த பாடல் என்ற குறிப்பு மட்டும் இருக்கிறது. இசையமைத்த கிராண்ட் கர்க்ஹோப்பின் பெயரைக் காணோம். தம் பெயரை அங்கே பார்க்க ஆவலாய் இருந்து ஏமாந்ததை அவரே அப்போது வெளிப்படையாக எழுதினார்.

அவர் தங்களுக்கு அந்நியர் அல்லர். மான்செஸ்டரில் டிரம்பெட் பயின்று, ராக் குழுக்களில் பல ஆண்டுகள் கிட்டார் வாசித்த பிறகு, 1995-இல் வீடியோ விளையாட்டுகளை உருவாக்கும் இங்கிலாந்தின் ரேர் நிறுவனத்தில் சேர்ந்தார். அந்நிறுவனத்தின் இசையமைப்பாளர் டேவிட் வைஸ் அமைத்திருந்த டாங்கி காங் இசையை, தங்கள் கேம் பாய் என்னும் கையடக்க விளையாட்டுக் கருவியின் சின்னஞ்சிறு ஒலிச்சில்லுக்குள் அடக்கும் வேலைதான் அங்கே அவருக்கு முதலில் வாய்த்தது. பிறகு 'கோல்டன்ஐ 007', 'பாஞ்சோ-கசூயி', 1999-இல் 'டாங்கி காங் 64' என எல்லாமே தங்கள் கருவிகளுக்காக வெளிவந்தவை. தங்கள் புகழ்பெற்ற குரங்குக்கு அந்தக் கடைசி விளையாட்டில் குரல் கொடுத்தவரும் அவரே.

விளையாட்டுக்கு இசையமைப்பது, எழுதி முடித்த மெட்டை ஒப்படைத்துவிட்டுப் போகிற வேலை அன்று. 'பாஞ்சோ-கசூயி'யில் சூனியக்காரியின் கோட்டைக்குள் நடக்கும்போது ஒரே மெட்டுதான் ஒலித்துக்கொண்டிருக்கும். ஆனால் பனி உலகின் வாசலை நெருங்கினால் அது மணியோசையாகவும், பேய் மாளிகையை நெருங்கினால் ஆர்கன் ஒலியாகவும், தாளம் சற்றும் தவறாமல் மாறிவிடும். ஒரே மெட்டுக்குப் பல வாத்தியக் கோவைகளை எழுதி, ஆட்டக்காரர் நிற்கும் இடத்தைப் பொறுத்து ஒன்றை ஏற்றி மற்றொன்றை இறக்குகிற ஏற்பாடு அது. ஆட்டக்காரர் எந்தப் பக்கம் திரும்புவார் என்று தெரியாமலேயே எல்லாப் பக்கத்துக்கும் எழுதி வைக்க வேண்டிய இந்த வேலையைச் செய்தவருக்குப் பெயர் ஒன்று உண்டு என்பதை எப்படி மறக்க முடிகிறது?

சட்டப்படி இசையின் உரிமை சம்பளம் கொடுத்த நிறுவனத்துக்கே சேரும் என்று தாங்கள் சொல்லலாம். உண்மைதான், அதை நான் மறுக்கவில்லை, பணமும் கேட்கவில்லை. உரிமை யாரிடம் இருந்தாலும் ஆக்கியவர் ஆக்கியவர்தான். 'டாங்கி காங் 64' விளையாட்டின் இறுதிப் பட்டியலிலேயே அவர் பெயர் இருக்கும்போது, அதே பாடல் வெள்ளித்திரைக்கு வந்ததும் அது ஏன் உதிர்ந்துபோக வேண்டும்? தங்கள் ஊழியர் கோஜி கோண்டோவின் பெயரை அதே படத்தில் முறையாகப் போட்டிருக்கிறீர்கள். அவர் 1985-இல் அமைத்த மாரியோ இசையை அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 2023-இல் தன் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்த்தபோது உலகமே அவர் பெயரைச் சொல்லித்தான் பாராட்டியது.

எண்பதுகளில் ஜப்பானிய நிறுவனங்கள் பல, போட்டியாளர்கள் ஆட்களைக் கொத்திக்கொண்டு போய்விடுவார்கள் என்று அஞ்சி, இசையமைப்பாளர்களைப் புனைபெயருக்குள் ஒளித்து வைத்தன. 'காசில்வேனியா' விளையாட்டுக்கு இசையமைத்த கினுயோ யமஷிட்டா 'ஜேம்ஸ் பனானா'வாக அறிமுகமானது அப்படிப்பட்ட காலத்தில்தான். அந்த அச்சத்துக்கு இன்று என்ன வேலை?

2024 அக்டோபரில் தாங்கள் வெளியிட்ட நின்டெண்டோ மியூசிக் செயலி எனக்கு இன்னும் பெரிய வியப்பு. ஒரு மெட்டை அறுபது நிமிடம் வரை நீட்டிக் கேட்கலாம். இன்னும் ஆடி முடிக்காத விளையாட்டின் இசையை மறைத்து வைக்கவும் அதில் வழி இருக்கிறது. இவ்வளவு நுணுக்கமாக யோசித்தவர்கள், இசையமைத்தவர் பெயருக்கு மட்டும் இடம் வைக்காமலேயே அதை வெளியிட்டீர்கள். பாடல் தொடங்கும் முன் 'இசை இன்னார்' என்று வானொலி அறிவிப்பாளர் சொல்லக் கேட்டே வளர்ந்த எங்களுக்கு இது சற்று விசித்திரமாகத்தான் படுகிறது.

எனவே, செயலியில் ஒவ்வோர் இசைத் துணுக்கின் கீழும் இசையமைத்தவர், ஒலி வடிவமைத்தவர் பெயர்களைச் சேர்க்குமாறும், பழைய விளையாட்டின் இசையைத் திரைப்படத்தில் எடுத்தாளும்போது, இசையமைத்தவர் தங்கள் ஊழியராக இருந்தாலும் இல்லாவிட்டாலும், அவர் பெயரைக் குறிப்பிடுமாறும் கேட்டுக்கொள்கிறேன். இதற்காக அதிகம் தேட வேண்டியதில்லை; பல பெயர்கள் தங்கள் பழைய விளையாட்டுகளின் இறுதிப் பட்டியலிலேயே இருக்கின்றன.

இப்படிக்கு,
தங்கள் விளையாட்டுகளின் இசையை நெடுங்காலமாகக் கேட்டுவரும் ஒருவன்