கதவில் ஒட்டும் வரை காத்திருக்காதீர்கள்

ஐயா,

கடன் தவணை நின்று கணக்கு வாராக்கடன் ஆனதும், சர்பாசி சட்டம் (அடமானச் சொத்தை நீதிமன்றம் போகாமலே வங்கி எடுக்க வழிசெய்யும் சட்டம்) 13(2) பிரிவில் வங்கி அனுப்பும் 60 நாள் நோட்டீஸைப் பலர் பிரித்துக்கூடப் பார்ப்பதில்லை. பாதி வழக்கு அங்கேயே தோற்றுப்போகிறது. எழுத்தில் ஆட்சேபம் கொடுத்தால் வங்கி 15 நாளில் காரணத்துடன் பதில் தந்தாக வேண்டும். நேரில் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள்.

சொத்தை வங்கி எடுத்துக்கொண்டதாகச் சொல்லும் சுவாதீன நோட்டீஸைக் கதவில் ஒட்டிய பிறகு உயர் நீதிமன்றத்துக்கு ஓடினால், பெரும்பாலும் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்கே போகச் சொல்வார்கள். அங்கே 17-ஆவது பிரிவில் மனுப்போட 45 நாள்தான். அலைச்சலில் அதுவும் கரைந்துவிடும்.

விவசாய நிலத்துக்கு இச்சட்டம் பொருந்தாது. ஆனால் பட்டாவில் நஞ்சை என்றிருந்தால் மட்டும் போதாது. சாகுபடி நடப்பதைக் காட்ட அடங்கலும் (கிராம நிர்வாக அலுவலரின் பயிர்ப் பதிவு) வேண்டும்.

- ஒரு வாசகர், மதுரை