கோட்டையை நெய்தவள் பாவு இழைகளை எப்போது கோத்தாள்?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில் வந்த மாயக்கதையை இரண்டு தடவை படித்துவிட்டேன். நிஜத்தையே இழை இழையாக உருவி, அதைக்கொண்டு பாலமும் மதிலும் நெய்து நிறுத்துகிற வித்தை, அதற்கு மெய்நெசவு என்று பெயர் வைத்தது, எல்லாமே ரொம்பப் பிடித்திருந்தது. ஆனால் கதாநாயகி கையை வீசி மந்திரம் சொல்லி முடிப்பதற்குள் ஆயிரம் ஆண்டு நிற்கப்போகிற கோட்டை எழுந்துவிடுகிறது. தறியில் உட்கார்ந்து பழகிய எனக்கு அந்த இடத்தில் மனசு ஒட்டவே இல்லை.

குறுக்கு நூலைக் கொண்டுபோகிற நாடா இங்கும் அங்கும் ஓடுவதைத்தான் எல்லோரும் நெசவு என்று நினைக்கிறார்கள். அதற்கு முன்னால் பாவு இருக்கிறது, தறியில் நெடுக்காக இழுத்துக் கட்டுகிற இழைகள். அங்குலத்துக்கு 80 இழை, 48 அங்குல அகலம் என்றால் 3840 இழை, அத்தனையையும் இழைகளைத் தூக்கி இறக்குகிற விழுதின் கண்ணிலும், சீப்பு மாதிரி இருக்கிற அச்சின் பல்லிடுக்கிலும் கையால் கோத்தாக வேண்டும். குறுக்கே ஓடுகிற ஊடை தப்பினால் அந்த இடத்தோடு போயிற்று, பிரித்துவிட்டுத் திரும்ப நெய்யலாம். பாவில் ஒரே ஒரு இழை கண் மாறிப்போனால், அதைக் கவனித்து அறுத்து மறுபடி கோக்கிற வரைக்கும், துணி நெடுக முடி விழுந்த மாதிரி ஒரு கோடு கூடவே வரும். கற்றுக்கொண்ட புதிதில் அப்படி ஒரு கோடு விழுந்ததை மூன்று முழம் நெய்த பிறகுதான் பார்த்தேன், வெளிச்சம் சாய்வாக விழுந்தபோது. மெய்நெசவில் இது நடந்தால்? பாலத்தின் முதல் அடியில் செய்த தப்பு அக்கரை வரைக்கும் ஒரே கோடாக ஓடுகிறது, மேலே வண்டிகள் போய்க்கொண்டிருக்கின்றன, நெய்தவள் கண்ணுக்கு மட்டும் அது தெரிகிறது. இந்த ஒன்றை வைத்தே ஒரு நாவல் எழுதலாமே!

அப்புறம் விறைப்பு. தறியில் இழுத்துக் கட்டியிருக்கிற வரைக்கும் துணி ஓர் அளவில் நிற்கும், அறுத்து எடுத்ததும் கொஞ்சம் சுருங்கும், அதன் நிஜ அளவு அப்போதுதான் தெரியும். அவள் பிடியை விட்டதும் மதிலும் ஒரு சாண் இறங்கட்டும், கதவு நிலையில் மாட்டிக்கொள்ளட்டும், அப்போது நான் நம்புவேன். துணியின் கரை பிரியாது, ஏனென்றால் ஊடை அங்கே திரும்பி உள்ளே போகிறது. வெட்டிய முனையை முடிச்சுப் போடாமல் விட்டால் உதிர்ந்துகொண்டே இருக்கும். அப்படியானால் நெய்த கோட்டைக்கு எதிரி எந்தப் பக்கமாக வருவான் என்று சொல்லவே வேண்டாம்.

உலகத்தை நெசவாகப் பார்ப்பது நமக்குப் பழக்கமான விஷயம்தான். மகாபாரதத்தின் ஆதிபர்வத்தில் உத்தங்கர் நாகலோகத்துக்குப் போகும்போது இரண்டு பெண்கள் கறுப்பும் வெள்ளையுமான இழைகளில் நெய்துகொண்டிருக்கிறார்கள், அந்த இழைகள் இரவும் பகலும் என்று பிறகு தெரிகிறது. பிருகதாரண்யக உபநிடதத்தில் கார்கி என்கிற ஞானி இன்னும் ஒரு படி மேலே போகிறாள். இதெல்லாம் தண்ணீரில் ஊடும் பாவுமாக நெய்யப்பட்டிருக்கிறது என்றால் அந்தத் தண்ணீர் எதில் நெய்யப்பட்டிருக்கிறது என்று யாக்ஞவல்கிய முனிவரைக் கேட்கிறாள், அவர் ஒன்று சொன்னால் சரி, அது எதில் என்று அடுத்ததைக் கேட்கிறாள், இதற்கு மேல் கேட்டால் தலை விழுந்துவிடும் என்று அவர் எச்சரிக்கிற வரைக்கும் விடுவதில்லை. உங்கள் கதையைப் படிக்கும்போது எனக்கும் அதே கேள்விதான் வந்தது. கோட்டையை நிஜத்தில் நெய்கிறாள், சரி. அந்த நிஜம் எந்தத் தறியில் கட்டியிருக்கிறது? ஓர் இழையை உருவினால் உருவிய இடத்தில் என்ன மிஞ்சும்? யாருடைய வீட்டுச் சுவர் அங்கே மெலிந்துபோகும்? கதை இதைத் தொடவே இல்லை.

அடுத்த பகுதியும் வரும் என்று போட்டிருக்கிறீர்கள். எழுதியவருக்கு விருப்பம் இருந்தால் நான் பாவு கோக்கிற அன்றைக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்து பார்க்கட்டும். காலை வெளிச்சத்தில்தான் கோப்பேன், மத்தியானத்துக்கு மேல் கண் தப்பும்.

இப்படிக்கு,
தறிக்காரி ஒருத்தி