முதல் செக் திரை நடிகரைப் பற்றி ஒரு கடிதம்

அன்புள்ள நண்பருக்கு,

வணக்கம். தொடக்ககாலச் சினிமாவில் நடிகர் என்று எவரும் இல்லை, படக்கருவியின் முன் வந்து நின்றவர்கள் மட்டுமே இருந்தார்கள் என்று உங்கள் கட்டுரையில் எழுதியிருக்கிறீர்கள். தொழிற்சாலை வாசலிலும் ரயிலடியிலும் எடுக்கப்பட்ட படங்களுக்கு அது பொருந்தும். 1898ஆம் ஆண்டின் பிராக் நகரத்துக்குப் பொருந்தாது என்பது என் எண்ணம். செக் மக்களின் முதல் திரை நடிகர் என்று அறியப்படும் யோசெஃப் ஷ்வாப்-மாலோஸ்ட்ரான்ஸ்கியை முன்வைத்து அதை விளக்க முயல்கிறேன்.

அவர் 1860இல் பிராக்கில் பிறந்தவர். கோட்டையின் அடிவாரத்தில் உள்ள மாலா ஸ்த்ரானா என்ற பழைய குடியிருப்பின் பெயரைத் தம் பெயரோடு சேர்த்துக்கொண்டவர். மேடையில் நகைச்சுவைப் பாடல்களைப் பாடுவதும், தனியொருவராகப் பல பாத்திரங்களை நடித்துக்காட்டுவதும், பாடல்களை எழுதி அச்சிடுவதும் அவர் தொழில். இத்தகைய நிகழ்ச்சிகளில், கையில் பீர்க்கோப்பையோடு அமர்ந்திருக்கும் கூட்டத்தைத் தன் பக்கம் திருப்ப நடிகருக்கு இருந்த முதன்மையான கருவி முகம்தான். எனவே படக்கருவியின் முன் அவர் வந்தபோது அவருக்கு வயது முப்பத்தெட்டு. கைவசம் முழுமையாகத் தேர்ந்த ஒரு கலையும் இருந்தது.

படக்கருவியைக் கொண்டுவந்தவர் யான் க்ரிஷெனெட்ஸ்கி. புகைப்படக் கலையில் ஈடுபாடு கொண்ட அவர், படம் பிடிக்கவும் பிரதி எடுக்கவும் திரையிடவும் ஒருசேரப் பயன்பட்ட, பிரான்சின் லூமியேர் சகோதரர்களுடைய கருவி ஒன்றை வாங்கியிருந்தார். 1898இல் பிராக்கில் நடந்த கட்டடக்கலை, பொறியியல் கண்காட்சியில் ‘செக் கினிமடோகிராஃப்’ என்ற அரங்கை அமைத்து, தாம் எடுத்த படங்களைக் காட்டினார். அவற்றில் பெரும்பாலானவை நகரக் காட்சிகளும் விழாக்களும். மூன்று மட்டும் நடிப்புப் படங்கள். மூன்றிலும் ஷ்வாப் இருக்கிறார். ஒன்று மாவு ஆலையில் நடக்கும் காதல் சந்திப்பு. மற்றொன்று சாசேஜ் விற்பவருக்கும் சுவரொட்டி ஒட்டுபவருக்கும் இடையிலான கேலிக்கூத்து. இவ்விரண்டும் அந்நாளில் எல்லா நாடுகளிலும் எடுக்கப்பட்ட கைகலப்பு நகைச்சுவையின் வகைதான்; அவற்றை நான் பெரிதாகப் பாராட்டமாட்டேன்.

மூன்றாவதான ‘சிரிப்பும் அழுகையும்’ முற்றிலும் வேறு. அதில் கதை இல்லை. அசையாத கருவியின் முன் ஷ்வாப்பின் முகம் சிரிக்கிறது, பிறகு அழுகிறது, அவ்வளவுதான். ஒரு சுருள் ஏறத்தாழ 17 மீட்டர் நீளமுடையது, ஒரு நிமிடத்துக்குள் ஓடி முடிந்துவிடும் என்பதை மனத்தில் வைத்துக்கொண்டு பார்த்தால், உணர்ச்சியின் ஏற்ற இறக்கத்தை அந்த அளவுக்குள் அவர் எப்படிப் பங்கிட்டிருக்கிறார் என்பது விளங்கும். மேடையில் கடைசி வரிசைவரை எட்டவேண்டிய முகபாவம் இங்கே சற்று மிகையாகத்தான் தெரிகிறது. ஆனாலும் ஒரு படத்தின் பொருளே நடிப்பாக இருப்பதை 1898இல் காண்கிறோம். கருவியின் முன் வெறுமனே வந்து நின்றவரை வைத்து இப்படி ஒரு படத்தை எடுத்திருக்கவே முடியாது.

அதன் பிறகு அவருடைய திரைவாழ்வில் நீண்ட இடைவெளி விழுகிறது. அதற்கு அவர் காரணமல்லர். கண்காட்சி முடிந்தபின் கதைப்படங்களைத் தொடர்ந்து தயாரிக்க அங்கே நிறுவனமே இல்லை. பிராக்கின் முதல் நிலையான திரையரங்கையே 1907இல்தான் விக்டர் பொன்ரெபோ என்ற மாயாஜாலக் கலைஞர் தொடங்கினார். 1910களின் முற்பகுதியில் உள்ளூர்த் தயாரிப்பு உயிர்பெற்றபோது ஷ்வாப் திரும்பி வந்து, மனிதனின் ஐம்புலன்களைப் பொருளாகக் கொண்ட குறும்படம் ஒன்றைத் தாமே இயக்கினார். பொருளைத் தேர்ந்த விதத்திலேயே பழைய மேடைக் கலைஞர் தெரிகிறார் அல்லவா!

1920களின் மௌனப் படங்களில் அவருக்குப் பெரும்பாலும் சிறிய வேடங்களே கிடைத்தன. அதைத் தோல்வி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அறுபதைக் கடந்த ஒருவர், தாம் ஒரு நிமிடத்துக்கும் குறைவான சுருள்களில் தொடங்கிவைத்த தொழிலில், அது முழுநீளக் கதைகளாக வளர்ந்த பிறகும் இடம் பெற்றிருந்தார். செக் மொழியில் பேசும்படங்கள் வரத்தொடங்கிய சில ஆண்டுகளுக்குள், 1932 அக்டோபரில், பிராக்கிலேயே காலமானார்.

க்ரிஷெனெட்ஸ்கியின் படங்களைச் செக் தேசியத் திரைப்படக் காப்பகம் எண்மயமாக்கி 2019இல் வெளியிட்டிருக்கிறது. கீறல்களையும் கறைகளையும் துடைத்தழிக்காமல் விட்டிருப்பதால், சில இடங்களில் படத்தின் சேதம் நடிகரின் அசைவோடு போட்டி போடுகிறது. ‘சிரிப்பும் அழுகையும்’ படத்தை முதலில் இசை சேர்க்காமல் பாருங்கள். பின்னணி இசை சேர்ந்தால் எது சிரிப்பு, எது அழுகை என்பதை அதுவே சொல்லிவிடும்; முகத்துக்கு வேலை இல்லாமல் போய்விடும்.

அன்புடன்,
உங்கள் வாசகன்