பெயர்க்கடல்: சிறுவர் கதைப் போட்டிகளின் நடுவர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய நடுவர்களே,

மட்டக்களப்பின் கல்லடியிலிருந்து எழுதுகிறேன். பல ஆண்டுகள் தமிழ் கற்பித்து ஓய்வு பெற்ற ஆசிரியை நான். என்னிடம் கதை எழுதப் பழகும் பன்னிரண்டு வயது மாணவி ஒருத்தியின் கதை அண்மையில் ஒரு போட்டியிலிருந்து திரும்பி வந்தது. முதற்பக்கத்தின் ஓரத்தில் சிவப்பு மையால் "நடக்கக்கூடியதை எழுதுக" என்று குறிக்கப்பட்டிருந்தது. எந்தப் போட்டி என்று நான் சொல்லப்போவதில்லை. இதே குறிப்பை வேறு பிள்ளைகளின் தாள்களிலும் கண்டிருப்பதால், உங்கள் அனைவருக்கும் பொதுவாகவே இதை எழுதுகிறேன்.

அவள் எழுதியது பெயர்க்கடல் என்றொரு கடலைப் பற்றி. அந்தக் கடலில் உப்புக்குப் பதிலாகப் பெயர்கள் கரைந்திருக்கின்றன. பூரணை இரவில் தோணியில் போய், துடுப்பை நீரில் இறக்கி, அதன் மேல்நுனியைக் காதோடு வைத்தால், கடல் கொண்டுபோன ஒருவருடைய பெயர் கேட்கும். கேட்டவர் விரும்பினால் அந்தப் பெயருக்குரியவரைக் கரைக்கு அழைத்து வரலாம்; ஆனால் அதற்கு ஈடாகக் கரையிலிருக்கும் ஒருவருடைய பெயரைக் கடல் எடுத்துக்கொள்ளும், அதன்பின் அவரை யாராலும் கூப்பிட முடியாது. கதையில் வரும் சிறுமி, தான் ஒருநாளும் கண்டிராத அம்மம்மாவின் பெயரைக் கேட்கிறாள். நெடுநேரம் கேட்டுக்கொண்டே இருக்கிறாள். பிறகு துடுப்பைக் காதிலிருந்து எடுத்து, அதே துடுப்பால் வலித்துக்கொண்டு கரைக்குத் திரும்புகிறாள். கதை அவ்வளவுதான்.

நான் அதை மூன்று முறை வாசித்தேன். ஒரு பிள்ளை தானே ஒரு மாயக்கடலைப் படைத்து, அதற்கொரு சட்டத்தையும் விதித்து, அந்தச் சட்டத்தைத் தன் ஆசைக்காகக்கூட மீறாமல் கதையை முடித்திருக்கிறாள். அம்மம்மாவை இலவசமாக மீட்டுத் தர அவளால் முடிந்திருக்கும். பேனா அவளுடைய கையில்தான் இருந்தது. பரிசு பெற்ற கதைகள் சிலவற்றில், பத்து வயதுச் சிறுவன் ஒருவன் அறிவுரை சொன்னதும் ஊர் முழுவதும் ஒரே பக்கத்தில் குடியை விட்டுவிடுகிறது. அங்கே தோணியும் வீதியும் நாம் அறிந்தவைதான், மனிதர்கள்தான் நாம் அறியாதவர்கள். நடக்கக்கூடியது எது என்ற கேள்வியைக் கடலிடம் மட்டும் கேட்டு, மனிதர்களிடம் கேட்காமல் விடுவது நியாயமன்று என்பதே என் முறைப்பாடு.

அவளுடைய கடல் வானத்திலிருந்து விழுந்ததுமன்று. மட்டக்களப்பை மீன்பாடும் தேன்நாடு என்கிறோம். நிலவுக்காலத்தில், காற்று ஓய்ந்த இரவில், கல்லடிப் பாலத்தடியில் துடுப்பை நீரில் இறக்கி அதைக் காதோடு வைத்து வாவியின் ஒலியைக் கேட்பது இங்கு தலைமுறைகளாக இருந்துவரும் வழக்கம். 19ஆம் நூற்றாண்டில் இலங்கையின் குடியேற்ற அரசில் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ட் அந்த ஒலியைத் தோணியில் போய்க் கேட்டு எழுதியிருக்கிறார். அது ஊரி என்னும் சிறு நத்தையின் சத்தம் என்று மீனவர்கள் அவருக்குச் சொன்னார்களாம். காதில் துடுப்பை வைத்துக் கேட்கும் ஓர் ஊரில் பிறந்த பிள்ளைக்கு, அந்தத் துடுப்பின் வழியாகப் பெயர் கேட்பது எத்தனை தூரம்?

வாவியின் இரு கரைகளையும் நம் முன்னோர் எழுவான்கரை, படுவான்கரை என்று அழைத்தார்கள். சூரியன் எழும் கரை, சூரியன் படும் கரை. மாய உலகமொன்றுக்கு வரைபடம் கீறுகிறவர்கள் இதைவிட நல்ல பெயர்களை எங்கே தேடப்போகிறார்கள்? மாரியில் வெள்ளம் ஏறும்போது முகத்துவாரத்தின் மணல்திட்டை வெட்டிவிடும்படி வயல்காரர் கேட்பதும், வெட்டினால் மீனும் இறாலும் கடலோடு போய்விடும் என்று வாவி மீனவர் அஞ்சுவதும் நாம் கண்டு வரும் வழக்கு. ஒருவருக்காகத் திறக்கும் வாசல் இன்னொருவருக்கு இழப்பாகும் என்பதைப் பிள்ளைகள் இங்கே சோற்றோடு சேர்த்தே கற்கிறார்கள். பாற்கடலைக் கடைந்தபோது அமுதத்துக்கு முன் நஞ்சு வந்தது என்று நாம் தலைமுறைகளாகச் சொல்லிவருவதும் இந்தக் கணக்கைத்தான். அந்தக் கதையின் ஓரத்தில் சிவப்பு மை வைக்க நமக்கு மனம் வராது.

இன்னொன்றையும் நான் சொல்லியாக வேண்டும். 2004 டிசம்பர் 26 அன்று கடல் நாவலடிக்குள்ளும் கல்லடிக்குள்ளும் வந்தது. அதற்குப் பின் பிறந்த பிள்ளைகளிடம் அந்த நாளைப் பற்றி இருப்பது, வீட்டில் இருக்கும் படமும் பெரியவர்கள் பாதியில் நிறுத்தும் பேச்சும் மட்டுமே. நீர் எத்தனை அடி உயர்ந்தது என்று அவர்களால் எழுத முடியாது, அது அவர்கள் கண்டதன்று. ஆனால் பெயர்களை வைத்திருக்கும் ஒரு கடலை அவர்களால் எழுத முடியும். நெய்தலுக்கு இரங்கலை உரிப்பொருளாக வைத்த மொழியில் எழுதும் பிள்ளைக்கு, இரங்குவதற்கு அந்த ஒரு வழியையாவது நாம் திறந்து வைக்க வேண்டாமா?

மாயக்கடல் என்று வருவதெல்லாம் நல்ல கதை என்று நான் வாதிடவில்லை. பனிப்பாறை மிதக்கும் கடலில், பளிங்கு மாளிகையிலிருந்து ஓர் இளவரசன் எழுந்து, மந்திரக்கோலை அசைத்ததும் எல்லாம் சரியாகிவிடும் கதைகளை நானும் நிறையவே திருத்தியிருக்கிறேன். அவற்றுக்குப் புள்ளி குறையுங்கள். நான் வேண்டுவது, குறைப்பதற்கு முன் அந்தக் கடலுக்கு என்ன சட்டம், அது கடைசிவரை நின்றதா, அதற்கு யார் விலை கொடுத்தார் என்று ஒருமுறை பார்க்கும்படிதான்.

அவள் இப்போது இரண்டாவது கதையை எழுதிக்கொண்டிருக்கிறாள். பெயர்க்கடலின் முகத்துவாரம் மணலால் அடைபட்டிருக்கிறது, அதை வெட்டும் மண்வெட்டி ஒரு கிழவியிடம் இருக்கிறது. அடுத்த போட்டிக்கு அதை அனுப்பவிருக்கிறோம். தயவுசெய்து கடைசிப் பக்கம்வரை வாசித்துவிட்டுப் பேனாவை எடுங்கள்.

இங்ஙனம்,
கல்லடியிலிருந்து ஓய்வுபெற்ற தமிழாசிரியை ஒருவர்