14 வயதுச் சிறுமியைக் 'காதலி' என்று மட்டும் சொல்வதா?

ஐயா,

அமெரிக்காவின் நெப்ராஸ்கா மாநிலத்தை 1958 ஜனவரியில் நடுங்க வைத்த தொடர் கொலைகளைப் பற்றி எழுதுகிறவர்கள், சார்லஸ் ஸ்டார்க்வெதரையும் 'அவனது காதலி'யையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறார்கள். அவனுக்கு 19 வயது. கேரில் ஆன் ஃபுகேட்டுக்கு 14. லிங்கன் நகரில் அவள் வீட்டிலேயே தாயையும் மாற்றாந்தந்தையையும் இரண்டு வயதுத் தங்கையையும் கொன்றவன் அவன்.

அந்த வீட்டு வாசலில் ஒரு துண்டுச் சீட்டு ஒட்டியிருந்தது. எல்லோருக்கும் ஃப்ளூ காய்ச்சல், யாரும் வரவேண்டாம் என்று எழுத்துப் பிழைகளோடு. தேடி வந்த உறவினர்களையும் அவள்தான் திருப்பி அனுப்பினாள். ஓடியிருக்கலாமே என்று கேட்டது அரசுத் தரப்பு. குடும்பம் கொல்லப்பட்டது தனக்கு அப்போது தெரியாது என்றும், வாயைத் திறந்தால் பிணையாக இருக்கும் குடும்பத்தைத் தன் கூட்டாளிகள் கொன்றுவிடுவார்கள் என்று அவன் மிரட்டியதாகவும் அவள் சொன்னாள். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளுக்குப் பல ஆண்டுகள் பாடம் எடுத்தவள் நான். அந்த வயதில் பயம் எப்படி வாயைக் கட்டிப்போடும் என்பதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

முதலில் அவளுக்குப் பங்கில்லை என்ற ஸ்டார்க்வெதர், பிறகு அவளுக்கு எதிராகவே சாட்சி சொன்னான். 1959இல் மின்சார நாற்காலியில் அவன் கதை முடிந்தது. ஆயுள் தண்டனை பெற்ற அவள் 1976இல்தான் பரோலில் வெளியே வந்தாள். அதே தொடர் கொலைகளில் கொல்லப்பட்ட வார்டு தம்பதியரின் பேத்தியே ஆதரித்தும், 2020இல் கேரிலின் மன்னிப்பு மனு நிராகரிக்கப்பட்டது. அதை நினைத்தால் எனக்கு மனம் ஆறவில்லை.

தங்கள் வாசகி,
ஓய்வு பெற்ற ஆசிரியை